எண்ணூறு வருடத்துச் செவ்வாய்க்கிழமை

சாத்தனேரி தனி மாவட்டமாவதற்கு நாலு நாள் இருந்தபோது, அதற்கென்று சொந்தமாக ஒரு ஆட்டம் இல்லை என்பதைக் கண்டுபிடித்தார்கள்.

மற்றதெல்லாம் இருந்தது. எல்லை இருந்தது, எல்லையில் நட்ட கல் இருந்தது, மூடிப்போன நூற்பாலைக்கு வெள்ளையடித்து உண்டாக்கிய கலெக்டர் ஆபீஸ் இருந்தது, மேற்கே விளையும் சின்ன வெங்காயம் இருந்தது, கிழக்கே அடைக்கும் தீப்பெட்டி இருந்தது, எல்லாவற்றுக்கும் மேலாக அறுபது படுக்கைகளோடு ஒரு புது ஆஸ்பத்திரி இருந்தது. ஜனங்கள் இருபத்திரண்டு வருடம் ரோட்டில் உட்கார்ந்து மறியல் செய்தது அந்த ஆஸ்பத்திரிக்காகத்தான். தாய் மாவட்டத்தின் பெரியாஸ்பத்திரி தொண்ணூறு கிலோமீட்டர் தள்ளி இருந்ததால், சாத்தனேரிப் பிள்ளைகளில் பாதிப்பேர் வேனிலும், வேன் பழுதாகி நின்ற வேப்பமரத்தடியிலும், ஒருத்தன் சுங்கச்சாவடியிலும் பிறந்திருந்தார்கள். அவன் வளர்ந்து கல்யாணமாகி மூன்று பிள்ளை பெற்ற பிறகும் ஊர் அவனை டோல்கேட் என்றுதான் கூப்பிட்டது.

கோட்டையிலிருந்து வந்த தொடக்கவிழா நிகழ்ச்சி நிரலில் ஏழாவதாக ‘மாவட்டத்தின் பாரம்பரிய நடனம், பத்து நிமிடம்’ என்று இருந்தது. புதுக் கலெக்டர் சுசரிதா அம்மா ஒடிசாக்காரர், தமிழைப் புத்தகத்தில் படித்தவர். தாசில்தாரைக் கூப்பிட்டு, “நம் மாவட்டத்தின் தொன்மையான ஆடல் யாது?” என்று கேட்டார். தாசில்தார் யோசித்துவிட்டு, “வெங்காயம் நல்லா வரும்மா” என்றார். “வெங்காயம் ஆடுமா?” என்று கலெக்டர் அம்மா நிஜமாகவே கேட்டார். தாசில்தார் ஹெட்மாஸ்டருக்குப் போன் போட்டார், ஹெட்மாஸ்டர் போனைக் காதில் வைத்தபடியே ஜன்னலுக்கு வெளியே பார்த்தார், வெளியே மைதானத்தில் பி.டி. வாத்தியார் தங்கப்பழம் நின்றுகொண்டிருந்தார். உலகத்தில் பல பாரம்பரியங்கள் இப்படித்தான் தொடங்கியிருக்க வேண்டும், யாரோ ஒருத்தர் ஜன்னலுக்கு வெளியே பார்த்த நேரத்தில் யாரோ ஒருத்தர் அங்கே நின்றுகொண்டிருந்திருக்கிறார்.

தங்கப்பழத்துக்கு அப்போது ஐம்பத்து நாலு வயது, கொஞ்சம் தொந்தி, கொஞ்சம் வழுக்கை. முப்பது வருடமாகப் பிள்ளைகளுக்கு மார்ச் பாஸ்டும் டிரில்லும் கபடியும் சொல்லிக்கொடுத்தவர், தானாக ஒருநாளும் ஆடியதில்லை. கல்யாண ஊர்வலத்தில் மற்றவர்கள் ஆடும்போதுகூட ஓரமாக நின்று எல்லோரும் வரிசையாக வருகிறார்களா என்று பார்க்கிற சுபாவம். “நாலு நாளைல ஒரு பாரம்பரியம் வேணும்” என்று ஹெட்மாஸ்டர் சொன்னதும், “எத்தனை பிள்ளைய சார்?” என்று மட்டும் கேட்டார். “நூத்தியிருபது.” “செஞ்சிருவோம்.”

செவ்வாய்க்கிழமை காலை ஒன்பதரைக்கு, கல்யாணத்துக்கும் சாவுக்கும் பேண்டு செட் வாசிக்கிற மரியசிலுவையை டிரம்மோடு மைதானத்துக்கு வரவழைத்தார். மரியசிலுவை எந்த அடி அடிப்பது என்று கேட்டான். “உனக்கு எது நல்லா வரும்?” என்றார் வாத்தியார். “சாவு அடிதான் சார் நல்லா வரும்.” “அதையே கொஞ்சம் வேகமா அடி.” அவன் வேகமாக அடித்தான், செத்தவர் எழுந்து பஸ் பிடிக்க ஓடுவதுபோல அது நன்றாகத்தான் இருந்தது. வாத்தியார் முதலில் டிரில்லில் வரும் கைவீச்சு நாலை வைத்தார், அதன் பிறகு கபடிக்காரன் கோட்டைத் தொட்டுக் கும்பிட்டு நுழைகிற அந்த ஒரு குனிவை வைத்தார், அதற்கப்புறம் என்ன வைப்பது என்று தெரியாமல் இடதுகாலைத் தூக்கியபோது செருப்பு வார் அறுந்தது. அறுந்த செருப்பு விரலில் மாட்டிக்கொண்டு வராததால் காலை மூன்றுதரம் உதறினார். எதிரே நின்ற நூற்றிருபது பிள்ளைகளும், வாத்தியார் செய்வதையெல்லாம் செய்தே பழகியவர்களாதலால், இடதுகாலைத் தூக்கி மூன்றுதரம் உதறினார்கள். தூசி எழுந்தது. பார்க்க அழகாக இருந்தது. “சரி, இருக்கட்டும்” என்றார் தங்கப்பழம்.

பதினொன்றே காலுக்குக் கலெக்டர் ஆபீஸிலிருந்து போன் வந்தது, அழைப்பிதழில் போட ஆட்டத்தின் பெயர் வேண்டும் என்று. பின்னால் டிரம் முழங்கிக்கொண்டிருந்தது. “பேரு என்ன பேரு, குதியாட்டம்னு போட்டுக்கோங்க” என்று கத்தினார். அழைப்பிதழில் ‘குதிராட்டம்’ என்று வந்தது. அதைத் திருத்த யாருக்கும் நேரமில்லை.

வெள்ளிக்கிழமை விழாவில் பிள்ளைகள் ஆடினார்கள், மேடையில் இருந்தவர்கள் கைதட்டினார்கள், மாவட்டம் பிறந்தது. மறுநாள் சனிக்கிழமை காலையில் ஈஸ்வரன் கோயிலின் முன்மண்டபத்தைத் திறந்த சுந்தரேச பட்டர், எண்ணூறு வருடமாக இரண்டு காலும் ஊன்றி விளக்கைப் பிடித்து நின்ற தூண் பெண்கள் ஏழுபேரும் இடதுகாலைத் தூக்கிக்கொண்டு நிற்பதைப் பார்த்தார். விசேஷ நாள்களில் அவர்களுக்குச் சாத்துகிற சிவப்புத்துணி இனிமேல் அகலம் பற்றாது என்பதுதான் அவருக்கு முதலில் தோன்றியது. மனைவியிடம் போய்ச் சொன்னார். “எப்பவும் அப்படித்தானே நிக்கா” என்றாள் அவள். “அப்படியா?” என்று கேட்ட பட்டருக்கு, காபியைக் குடித்து முடிப்பதற்குள், சின்ன வயதில் அந்தத் தூக்கிய பாதத்தில் ஏறி விளையாடி அப்பாவிடம் அடி வாங்கியது ஞாபகம் வந்துவிட்டது.

இப்படித்தான் அது ஊருக்குள் வந்தது. கொள்ளைநோய் மாதிரி இல்லை, சாரல் மாதிரி வந்தது, நனைவது தெரியாமல் எல்லோரும் நனைந்தார்கள். வீட்டுச் சுவர்களில் விறைத்துப்போய் நின்ற கறுப்புவெள்ளைத் தாத்தாக்கள் ஒவ்வொருவராக ஸ்டூடியோ நாற்காலியைப் பிடித்தபடி இடதுகாலைத் தூக்கினார்கள். தொண்ணூற்றி மூன்று வயது ஆவுடையப்பன், வெள்ளைக்காரக் கலெக்டர் முன்னால் தான் குதிராட்டம் ஆடியதையும், துரைசானி சிரித்ததையும், அதனால் துரைக்கு வந்த கோபத்தையும் சொன்னார். கல்யாண வீட்டில் மாப்பிள்ளை ஆடாமல் வாசற்படி தாண்டக்கூடாது என்பது தொன்றுதொட்ட வழக்கமானது. சாத்தனேரிக்காரர்கள் இரண்டுபேர் சண்டைபோட்டால், அடிப்பதற்கு முன்னால் இருவருமே ஒருதரம் காலை உதறிக்கொண்டார்கள். இருப்பிடச் சான்றிதழ் கேட்டு வருகிறவர்களை வி.ஏ.ஓ. நாலு அடி ஆடிக் காட்டச் சொன்னார். ஆடத் தெரியாதவர்கள் மூன்று தலைமுறையாக அங்கேயே குடியிருந்தாலும் வெளியூர்க்காரர்கள், நன்றாக ஆடியவர்கள் நேற்று வந்தாலும் மண்ணின் மைந்தர்கள். இந்த விஷயத்தில் யாரும் எதிர்பாராமல் கலெக்டர் அம்மா எல்லோரையும்விட நன்றாக ஆடினார், அதனால் அவருடைய முன்னோர்கள் இங்கிருந்து கலிங்கத்துக்கு வெங்காயம் விற்கப் போனவர்கள் என்று தெரியவந்தது.

முனைவர் பூவேந்தன் முந்நூற்றுப் பத்துப் பக்கத்துக்கு ஆராய்ச்சி எழுதினார். குதிர் என்றால் நெல் கொட்டிவைக்கிற மண்கூடு; குதிரைச் சுற்றி ஆடியதால் குதிராட்டம்; மூன்றுதரம் காலை உதறுவது உமி, பதர், பசி ஆகிய மூன்றையும் உதறுவதாகும் என்று எழுதியிருந்தார். தங்கப்பழம் அந்தப் புத்தகத்தைக் கையில் வாங்கிப் பார்த்துவிட்டு, “முனைவரே, அது செருப்புவே” என்றார்.

அவருக்கு மட்டும் எதுவும் மறக்கவில்லை, எதுவும் புதிதாக ஞாபகத்துக்கு வரவும் இல்லை. ஏன் என்று யாருக்கும் தெரியாது. டீக்கடையிலும் ஸ்டாஃப் ரூமிலும் ரேஷன் வரிசையிலும், “நான்தான்யா உண்டாக்குனேன், செவ்வாக்கிழமை, ஒம்பதரை மணிக்கு” என்று சொல்லிப் பார்த்தார். முதலில் சிரித்தார்கள். அப்புறம் முறைத்தார்கள். அதற்குள் குதிராட்டப் பாதுகாப்புச் சங்கம் என்று ஒன்று உண்டாகியிருந்தது. அரிசி ஆலை வைத்திருந்த வன்னியப்பெருமாள் அதன் தலைவர். பொங்கல் விழாவில் தங்கப்பழம் பிள்ளைகளுக்கு ஆடிக் காட்டியபோது, வன்னியப்பெருமாள் மேடைக்கு வந்து மைக்கைப் பிடுங்கினார்.

“சார், நீங்க நாலுதரம் உதறுதீய. மூணுதான் மரபு.”

“என் காலு, நான் எத்தனைதரம் வேணும்னாலும் உதறுவேன்.”

“காலு உங்க காலு சார். உதறு எங்க முப்பாட்டன் உதறு.”

அன்றிலிருந்து அவரை ஆட்டத்துக்குக் கிட்டேயே விடவில்லை. தான் பெற்ற பிள்ளையைப் பார்க்க மனு எழுதிக்கொடுக்கிறவன் மாதிரி, மைதானத்தின் சுவருக்கு வெளியே நின்று எட்டிப் பார்த்துவிட்டுப் போவார்.

மிச்சமிருந்த ஒரே சாட்சி மரியசிலுவைதான். ஒருநாள் மதியம் அவன் வீட்டுக்குப் போனார். போகும்போதே தெருமுனையில் ஒரு பிளெக்ஸ் போர்டு: ‘மன்னர் கையால் வெள்ளிப் பறை பெற்ற இன்னாசியின் கொள்ளுப்பேரன் மரியசிலுவை குதிராட்டக் குழு’. வீட்டுக்குள் இன்னாசியின் படம் தலைப்பாகையோடு மாலை போட்டுத் தொங்கியது. மரியசிலுவை நாற்காலியில் உட்கார்ந்திருந்தான். முன்பெல்லாம் வாத்தியாரைக் கண்டால் எழுந்து நின்று துண்டைக் கையில் எடுப்பான். இப்போது எழுந்து வந்து கைகொடுத்துவிட்டு மறுபடி உட்கார்ந்தான்.

“சிலுவை, நீ ஒருத்தனாவது உண்மையைச் சொல்லு. அது சாவு அடி. நான்தானே வேகமா அடிக்கச் சொன்னேன்?”

“என்ன சார் சொல்லுதீய? எங்க பூட்டன் அரமணைல அடிச்ச அடி அது.”

தங்கப்பழம் விடவில்லை. அன்றைக்கு அவன் போட்டிருந்த நீலச்சட்டையைச் சொன்னார், டிரம்மின் இடதுபக்கத் தோல் தளர்ந்து அவன் சூடுகாட்டப் போனதைச் சொன்னார், பஸ்ஸுக்கு லேட்டாகி அவன் சாப்பிடாமல் வந்ததையும், ஹெட்மாஸ்டர் வீட்டு இட்லியை மைதானத்து ஓரத்தில் நின்றே தின்றதையும் சொன்னார். சொல்லச் சொல்ல மரியசிலுவையின் முகம் மாறியது. இட்லி என்றதும் அவன் தலையைத் திருப்பிச் சுவரைப் பார்த்தான். சுவரில் மாலை மட்டும் இருந்தது. நடுவே படம் இல்லை, சுண்ணாம்புதான் இருந்தது.

பிறகு எழுந்து நின்று, பழைய பழக்கத்தில், தோளில் இருந்த துண்டைக் கையில் எடுத்தான்.

“ஆமா சார். உள்ளதுதான். எங்க பூட்டன் பேரே எனக்குத் தெரியாது. எங்க அப்பாவுக்கும் தெரியாது. ஏன் சார் சொன்னீய?”

மூன்று வருடமாக யாராவது ஒருத்தர் தன்னை நம்பமாட்டாரா என்று அலைந்த தங்கப்பழம், நம்பிய ஒருத்தனின் முகத்தைப் பார்க்கமுடியாமல் வெளியே வந்தார். நல்லவேளையாக, சாயங்காலத்துக்குள் அந்தப் பழைய ஞாபகம் மறுபடி வளர்ந்துவிட்டது. தெருவில் பிள்ளைகள் டிரம் சத்தத்துக்கு ஆடியபோது இன்னாசி தலைப்பாகையோடு சுவருக்குத் திரும்பினார். மறுநாள் மரியசிலுவை கைகொடுத்தான். அதற்குப் பிறகு வாத்தியார் தெருவில் யாரிடமும் சண்டை பிடிக்கவில்லை.

ஆனால் வீட்டில் வேறொன்று நடந்துகொண்டிருந்தது.

அவர் மனைவி சங்கரவடிவுக்கும் அவருக்கும் கல்யாணமாகி இருபத்தெட்டு வருடம். பெண் பார்க்கப் போன அன்றைக்குத் தங்கப்பழத்துக்குக் கண்வலி. கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு, கண்ணில் நீர் வடிய உட்கார்ந்து, இரண்டு வாழைக்காய் பஜ்ஜி தின்றுவிட்டு, பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று எழுந்து வந்தார். அவள் முகத்தை அவர் தெளிவாகப் பார்த்தது தாலி கட்டி ஒன்றரை நாளுக்கு அப்புறம். இதுதான் அவர்களுடைய கதை, இதில் சொல்வதற்கு வேறு எதுவும் இல்லை. சண்டை கிடையாது, கொஞ்சலும் கிடையாது. கேஸ் சிலிண்டர் எப்போது மாற்றியது, மகளுக்கு எப்போது போன் போட வேண்டும் என்று பேசிக்கொண்டு இருபத்தைந்து வருடம் நன்றாகத்தான் ஓடியிருந்தது.

ஆட்டம் வந்த இரண்டாம் வருடம், ஒருநாள் காலையில் தோசை சுட்டுக்கொண்டிருந்த சங்கரவடிவு திடீரென்று தனக்குத்தானே சிரித்தாள்.

“என்ன?” என்றார்.

“ஒண்ணுமில்ல. எங்க பெரியம்மா மக கல்யாணத்துல நீங்க ஆடுனதை நெனச்சேன்.”

“எந்தக் கல்யாணம்?”

“தெரியாத மாதிரி கேளுங்க. செட்டியார் சத்திரத்துல. வேட்டியை மடிச்சுக் கெட்டிக்கிட்டு நீங்க ஆடுன ஆட்டம் என்ன, வேர்த்து ஒழுகுன ஒழுக்கு என்ன. அந்தாளத்தான் கெட்டுவேன்னு அன்னைக்கே எங்கம்மாகிட்ட சொல்லிட்டேன்லா. இல்லன்னா கறுப்புக் கண்ணாடி போட்டுட்டு வந்தவரை எவளாவது கெட்டுவாளா?”

தங்கப்பழம் அந்தக் கல்யாணத்துக்குப் போகவே இல்லை. போயிருந்தாலும் ஓரமாக நின்றிருப்பார். வாயைத் திறந்தார், அதற்குள் அவள் அவர் தட்டில் இன்னொரு தோசை போட்டு, கேட்காமலே நெய் ஊற்றினாள். இத்தனை வருடத்தில் கேட்காமல் வந்த முதல் நெய். வாயை மூடிக்கொண்டார்.

அதற்கப்புறம் அவள் தலையில் பூ வைத்துக்கொண்டாள். அவர் ஸ்கூலுக்குக் கிளம்பும்போது வாசல்வரை வந்து நின்றாள். வேலையாக இருக்கும்போது அவரை ஒரு பார்வை பார்ப்பாள்; தன்னைத்தான் பார்க்கிறாள் என்று முதலில் அவருக்குத் தெரியவில்லை, இரண்டொருதரம் திரும்பிப் பின்னால் யாராவது நிற்கிறார்களா என்று பார்த்தார். ஒருவகையில் நின்றுகொண்டுதான் இருந்தான், சத்திரத்தில் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஆடிய ஒருத்தன். அவன்மேல் தங்கப்பழத்துக்குப் பொறாமையாக இருந்தது. அவன் சம்பாதித்ததைத் தான் சாப்பிடுவது போலக் கூச்சமாகவும் இருந்தது. ஆனாலும் சாப்பிட்டார்.

மூன்றாம் வருடம் முடியும்போது தாய் மாவட்டம் விழித்துக்கொண்டது. அங்கேயும் கோயில் தூண்களில் கால்கள் தூக்கியிருந்தன, அங்கேயும் தாத்தாக்கள் ஆடியிருந்தார்கள். சாரலுக்கு மாவட்ட எல்லை தெரியாது. அவர்களுடைய வக்கீல் கேட்ட கேள்வி நியாயமானது: குதிராட்டத்துக்கு எண்ணூறு வயது, சாத்தனேரி மாவட்டத்துக்கு மூன்று வயது, மூன்று வயதுப் பிள்ளைக்கு எண்ணூறு வயதுச் சொத்து எப்படி வந்தது? ஆட்டம் தாய் மாவட்டத்துடையது; அதை எடுத்துவிட்டால் சாத்தனேரிக்கென்று தனிப் பண்பாடு எதுவும் இல்லை; பண்பாடு இல்லாத இடத்துக்கு மாவட்டம் எதற்கு, திரும்பச் சேர்த்துவிடலாம். அரசாங்கம் ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவரைக் கொண்டு விசாரணைக் கமிஷன் வைத்தது. கமிஷன் உட்காருவதற்கு முன்பே ஆஸ்பத்திரியின் ஸ்கேன் மெஷினை அளந்துகொண்டு போக இரண்டுபேர் டேப்போடு வந்தார்கள். எட்டுமாதக் கர்ப்பிணியாக இருந்த டோல்கேட்டின் மகள் அதைப் பார்த்து வரிசையில் உட்கார்ந்தபடியே அழுதாள்.

அப்போதுதான் ஊருக்கு ஒன்று உறைத்தது. ஆட்டம் சாத்தனேரியில்தான் பிறந்தது, வேறெங்கும் பிறக்கவில்லை என்று சொல்லக்கூடிய மனுஷன் உலகத்திலேயே ஒருத்தர்தான் இருக்கிறார். மறுநாள் காலை தங்கப்பழம் வீட்டு வாசலில் வன்னியப்பெருமாளின் கார் நின்றது. உள்ளிருந்து அவரும், முனைவர் பூவேந்தனும், ஒரு தார் வாழைப்பழமும் இறங்கினார்கள்.

“சார், கமிஷன்ல நீங்கதான் சாட்சி சொல்லணும்” என்றார் வன்னியப்பெருமாள். “நம்ம ஸ்கூல் மைதானத்துல நீங்கதான் உண்டாக்குனீயன்னு சொல்லுங்க.”

தங்கப்பழத்துக்குக் கண் கலங்கிவிட்டது. “அதைத்தானேய்யா மூணு வருசமா சொல்லுதேன்.”

“அதான் சார். உள்ளதை உள்ளபடி சொல்லுங்க.” கொஞ்சம் தொண்டையைச் செருமிக்கொண்டார். “ஆனா எண்ணூறு வருசத்துக்கு முன்னால உண்டாக்குனதா சொல்லுங்க.”

“எனக்கு அம்பத்தேழு வயசு.”

“அது பேசிக்கலாம் சார்.”

முனைவர் பூவேந்தன் மறுபிறவி பற்றி ஒரு பின்னிணைப்பு எழுதித் தருவதாகச் சொன்னார். சாயங்காலம் கலெக்டர் அம்மாவே போன் செய்தார். “ஐயா, வயதைப் பற்றிக் கவலை கொள்ள வேண்டாம். தாங்கள் மெய்யை மட்டும் உரையுங்கள். நம்பும்படி உரையுங்கள். மருத்துவமனை தங்கள் கையில்.”

நம்பும்படி. போனை வைத்த பிறகுதான் அந்த வார்த்தை அவருக்குள் இறங்கியது. நம்பினால் என்ன ஆகும் என்று அவர் ஒருதரம் பார்த்திருக்கிறார். மண்டபம் நிறைய ஜனம் இருக்கும், சாயங்காலத்துக்குள் மீண்டும் வளரவிடாமல் நீதிபதி அதைப் பேப்பரில் எழுதி முத்திரையும் குத்திவிடுவார். மரியசிலுவை துண்டைக் கையில் எடுப்பான். முன்வரிசையில் சங்கரவடிவு உட்கார்ந்திருப்பாள்.

விசாரணை நாள் காலை, சலவை செய்த வெள்ளைச்சட்டையைப் போட்டுக்கொண்டு நின்றார். அவள் காலர் பட்டனைப் போட்டுவிட்டாள். இது அவள் ஒருநாளும் செய்யாத வேலை.

“நீங்க என்ன சொல்லப் போறீயன்னு எனக்குத் தெரியும்” என்றாள். “ஊரே சொல்லச் சொல்லுது. ஆசுபத்திரி விசயம். சொல்லுங்க, நான் வேண்டாம்னு சொல்லல. ஆனா அதுக்கு முந்தி எனக்கு ஒண்ணு மட்டும் சொல்லிருங்க.”

“என்ன?”

“அன்னைக்கு சத்திரத்துல நான் வலதுபக்கம் நின்னேன். எங்கூட எங்க சித்தி மக கனகு நின்னா. அவ என்னைவிட வெளுப்பு. நீங்க பாத்துப் பாத்து ஆடுனது என்னையவா, அவளையா? இத்தனை வருசமா கேக்கணும்னு இருக்கேன். கேட்டு வேற மாதிரி வந்துட்டா என்ன செய்யன்னுதான் கேக்கல.”

தங்கப்பழம் அவளைப் பார்த்தார். ஐம்பத்திரண்டு வயதில் மூக்குத்தியைத் திருகிக்கொண்டு, அவர் போகாத ஒரு கல்யாண வீட்டின் வலதுபக்கத்தில் அவள் நின்றுகொண்டிருந்தாள்.

“கனகு யாரு?” என்றார். “உன்னையத் தவிர அங்க யாரு நின்னான்னே எனக்குத் தெரியாது.”

அவள் இரண்டாவது பட்டனையும் போட்டுவிட்டாள். இரண்டுபேரும் ஒரே ஆட்டோவில் போனார்கள்.

பழைய நூற்பாலையில் பஞ்சு அடைத்த கூடம்தான் விசாரணை மண்டபம். நீதிபதி வயசாளி, மெட்ராஸ்காரர், மூன்று நாளாகச் சாட்சிகளைக் கேட்டுக் கேட்டு மேஜைக்கு அடியில் அவர் இடதுகால் லேசாக ஆடிக்கொண்டிருந்தது. தங்கப்பழம் கூண்டில் ஏறினார். டோல்கேட் மகளைக் கூட்டிக்கொண்டு வந்திருந்தான். மரியசிலுவை தோளில் துண்டோடு சுவரோரமாக நின்றான்.

“இந்த ஆட்டத்தை நீங்கள் யாரிடம் கற்றீர்கள்?” என்று தாய் மாவட்டத்து வக்கீல் கேட்டார்.

“யார்கிட்டயும் இல்ல. நான்தான் உண்டாக்குனேன்.”

வன்னியப்பெருமாள் மூச்சை விட்டார்.

“எங்கே?”

“இங்க. சாத்தனேரில.”

“எப்போது?”

முன்வரிசையில் சங்கரவடிவு கையில் கைக்குட்டையைச் சுருட்டிக்கொண்டிருந்தாள். செவ்வாய்க்கிழமை நாக்கின் நுனியில் வந்து நின்றது. மூன்று வருடம் வெயிலில் நின்ற செவ்வாய்க்கிழமை, அவர் ஆயுளில் தானாகச் செய்த ஒரே காரியத்தின் செவ்வாய்க்கிழமை. அதை விழுங்கினார். கற்றாழையை விழுங்குவதுபோல அது மெதுவாக இறங்கியது.

“இருபத்தொம்பது வருசம் இருக்கும்” என்றார். “செட்டியார் சத்திரத்துல, ஒரு கல்யாணத்துல. அன்னா, அங்க உக்காந்திருக்காங்களே, அந்தம்மா என்னையத் திரும்பிப் பாக்கணும்னு உண்டாக்குனேன்.”

மண்டபம் முழுக்கத் திரும்பிச் சங்கரவடிவைப் பார்த்தது. அவள் தலையைக் குனிந்துகொண்டாள், காதுவரைக்கும் சிவந்திருந்தாள்.

வக்கீல் குரலை உயர்த்தினார். “அப்படியென்றால் எண்ணூறு வருடத்துச் சிலைகள் எப்படி அதே ஆட்டத்தை ஆடுகின்றன? அந்தச் சிற்பிக்கு யார் சொன்னது?”

“அது எனக்கு எப்படிங்க தெரியும்? செதுக்குனவர்கிட்டதான் கேக்கணும்.”

“உங்கள் தாத்தாவும் ஆடியதாகப் படம் இருக்கிறதே?”

“அவரும் யாரையாச்சும் பாத்துருப்பாரு.”

ஜனம் சிரித்தது, விசில் பறந்தது, எங்கேயோ ஒரு கை தாளம் போட்டது. நீதிபதி மேஜையைத் தட்டி அமைதி கேட்டார், பேனாவை எடுத்தார், ‘சாத்தனேரியில் உண்டானது, இருபத்தொன்பது ஆண்டுகள், எண்ணூறு ஆண்டுகள்’ என்று எழுதினார், நடுவில் ஒரு கேள்விக்குறி போட்டார், கேள்விக்குறியை அடித்தார், மறுபடி போட்டார். அறிக்கையை எழுத அவருக்கு ஆறுமாதம் அவகாசம் கொடுத்திருந்தார்கள். பிறகு இன்னொரு ஆறுமாதம் கொடுத்தார்கள். அதன் பிறகும் ஆறாறு மாதமாகக் கொடுத்துவருகிறார்கள், அறிக்கை வரும்வரை இருப்பது இருந்தபடியே இருக்கும் என்று உத்தரவு. ஸ்கேன் மெஷின் அதே இடத்தில் இருக்கிறது. டோல்கேட்டின் பேத்தி ஆஸ்பத்திரியில், கட்டிலில், மின்விசிறிக்குக் கீழே பிறந்தாள்.

கோயிலில் சுந்தரேச பட்டர், தங்கப்பழம் சாட்சி சொன்ன மறுநாள் காலை கதவைத் திறந்தபோது மூன்றாவது தூணில் ஒரு ஆள் கூடியிருந்தார், தொந்தி போட்ட, கொஞ்சம் வழுக்கை விழுந்த ஆள். பூவேந்தன் அது குபேரன் என்று எழுதியிருக்கிறார்.

சாட்சி சொன்ன அன்றைக்குத் தங்கப்பழமும் சங்கரவடிவும் நடந்தே வீட்டுக்குத் திரும்பினார்கள். மூன்று மணி வெயில். பாதி வழியில், பூட்டிக்கிடந்த ஒரு கட்டிடத்தின் முன்னால் அவள் நின்றாள். வாசலில் ஆவாரஞ்செடி முளைத்திருந்தது.

“இதுதானே?” என்றாள்.

தங்கப்பழம் செட்டியார் சத்திரத்தை நிமிர்ந்து பார்த்தார். வாழ்நாளில் முதல்தரமாக அதன் வாசலில் நிற்கிறார்.

“ஆமா” என்றார். “நான் என்ன சட்டை போட்டிருந்தேன்?”

“மஞ்சக்கட்டம் போட்டது. கையை மடிச்சு விட்டிருந்தீய.”

“எனக்கு நல்லா இருந்துச்சா?”

“சுமார்தான்” என்று சொல்லி அவள் சிரித்தாள். படிக்கட்டில் நிழல் இருந்தது. சேலை முந்தானையால் தூசியைத் தட்டிவிட்டு அவள் உட்கார்ந்தாள். தங்கப்பழமும் பக்கத்தில் உட்கார்ந்து, பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளை மாதிரி அவள் வாயையே பார்த்துக்கொண்டு கேட்டார்:

“சரி, நான் ஆடிட்டேன். நீ பாத்துட்ட. பெறவு நான் என்ன செஞ்சேன்?”